ஆற்றங்கரையிலும் கம்பெனி வாசலிலும் ஒரே சங்கம்



"வேல வேணுமா, தண்ணி வேணுமா?" வாணியம்பாடியிலிருந்து ராணிப்பேட்டை வரை இந்த ஒரே கேள்வியை வைத்து நம் வாயை அடைத்து வந்திருக்கிறார்கள். கிணறு உப்புக் கரிக்கிறது என்று விவசாயி கலெக்டரிடம் மனு கொடுத்தால், தோல் பதனிடும் டேனரியில் நிற்கும் தொழிலாளியிடம் போய், "அவன் ஜெயிச்சா உன் வேலை போச்சு" என்று ஓதுகிறார்கள். கூலி போதவில்லை என்று தொழிலாளி வாய் திறந்தால், "கழிவுநீரைச் சுத்தம் பண்ணவே காசு போயிடுது, உனக்கு எங்க இருந்து குடுக்கறது?" என்கிறார்கள். விவசாயியும் தொழிலாளியும் ஒரே ஊர்க்காரர்கள். பல வீடுகளில் இருவரும் ஒரே ஆள்தான். தண்ணீர் கெட்டு நிலம் தரிசானதால்தான் அப்பா டேனரிக்குப் போனார். மகள் இன்று ஷூ கம்பெனி வேனில் ஏறுகிறாள். அம்மா வாசல் திண்ணையில் உட்கார்ந்து ஷூவின் மேல்பாகமான அப்பர் தைக்கிறாள்.

ஆற்றின் மேல் நமக்குள்ள உரிமையும், உழைப்புக்குரிய கூலியின் மேல் நமக்குள்ள உரிமையும் வெவ்வேறல்ல. இரண்டையும் தனித்தனி மேடையில், தனித்தனி மனுவில் கேட்டதால் இரண்டும் கைநழுவிக்கொண்டிருக்கின்றன. இனி ஒரே சங்கமாகக் கேட்க வேண்டும், இந்த ஆண்டே கேட்க வேண்டும். இதைச் சொல்லத்தான் உங்களைக் கூப்பிடுகிறேன்.

முதலில் ஆற்றைப் பற்றி.

நந்தி மலையில் பிறந்து, கர்நாடகத்தையும் ஆந்திரத்தையும் கடந்து, வயலூர் அருகே கடலில் சேரும் பாலாறு ஆண்டில் பெரும்பகுதி மணலாகத்தான் கிடக்கும். அந்த மணலுக்கு அடியில்தான் நம் தண்ணீர் ஓடியது. ஊற்றுக்கால்வாய் வெட்டி அதை வயலுக்குக் கொண்டுபோனார்கள் நம் முன்னோர். ஆண்டுதோறும் கால்வாயைத் தூர்வார ஊரே இறங்கும். அந்த நாட்களை நான் பொற்காலம் என்று பாடப்போவதில்லை. மண்வெட்டி பிடித்தவர்களில் பெரும்பாலோருக்குச் சொந்தமாக ஒரு குழி நிலம் இல்லை. மடை திறந்துவிட்ட நீர்பாய்ச்சிக்கு அதே தண்ணீரை ஊர்க் கிணற்றில் மொள்ள உரிமை இல்லை. ஒடுக்கப்பட்டோருக்கென்று 1892-இல் ஆங்கில அரசு ஒதுக்கத் தொடங்கிய பஞ்சமி நிலங்கள் யார் யார் கைக்குப் போயின என்பது உங்களுக்கே தெரியும். ஆகவே பொது உரிமை என்று நாம் சொல்லும்போது, பழைய ஊர்ப் பெரியவர்களின் உரிமையைத் திரும்பக் கேட்கவில்லை. இதுவரை யாருக்குக் கிடைக்கவே இல்லையோ அவர்களையும் சேர்த்துக் கேட்கிறோம்.

தோல் பதனிடுவது இந்த மண்ணுக்குப் புதிதல்ல. ஆவாரம்பட்டையும் கடுக்காயும் போட்டுப் பதனிட்ட நம் தோல், 'ஈஸ்ட் இந்தியா' என்ற பெயரோடு லண்டன் சந்தைக்குப் போனது. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் குரோம் முறை சென்னைக்கு வந்தது. குரோம்பேட்டைக்கு அந்தப் பெயரே ஒரு தோல் கம்பெனியால் வந்ததுதான். 1970களில் ஒன்றிய அரசு, பாதி பதனிட்ட தோலை அப்படியே ஏற்றுமதி செய்வதைக் கட்டுப்படுத்தியது. முழுதாகப் பதனிட்ட தோலும் ஷூவும் இங்கேயே தயாராகத் தொடங்கின. டிரம்கள் பெருகின. குரோமிய உப்பு பெருகியது. ஒரு கிலோ தோலுக்கு 30, 40 லிட்டர் தண்ணீர் பிடிக்கும். தோல் அழுகாமலிருக்கப் போடும் உப்பு மட்டும் தோல் எடையில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் வரும். அந்த உப்பெல்லாம் எங்கே போயிருக்கும்? உங்கள் வீட்டுப் போர்வெல் தண்ணீரை ஒரு வாய் குடித்துப் பாருங்கள்.

வேலூர் குடிமக்கள் நல மன்றம் 1991-இல் உச்ச நீதிமன்றத்துக்குப் போனது. 1996 ஆகஸ்ட் 28-இல் நீதிபதி குல்தீப் சிங் தலைமையிலான அமர்வு தீர்ப்புச் சொன்னது. மாசுபடுத்தியவர்தான் பணம் கட்ட வேண்டும், கெடுதல் வரும் முன்பே தடுக்க வேண்டும் என்ற இரண்டு கொள்கைகளும் இந்த நாட்டுச் சட்டத்தின் பகுதி என்று அந்தத் தீர்ப்பு நிலைநாட்டியது. இன்று நாட்டில் எந்த ஆற்றுக்காக எந்த ஊர் வழக்குப் போட்டாலும் வேலூர் வழக்கைச் சொல்லித்தான் வாதாடுகிறார்கள். டேனரிகள் நிறைந்த பகுதியில் ஏறத்தாழ 35,000 எக்டேர் விளைநிலம் பாதியாகவோ முழுதாகவோ பாழானது என்ற கணக்கும் அதே தீர்ப்பில் பதிவாகியிருக்கிறது.

பிறகு என்ன நடந்தது என்று பாருங்கள். ஒவ்வொரு டேனரிக்கும் நீதிமன்றம் விதித்த அபராதம் 10,000 ரூபாய். இழப்பைக் கணக்கிட அமைக்கப்பட்ட ஆணையம் 2001-இல், 29,000-க்கும் மேற்பட்டோருக்குச் சுமார் 26 கோடி ரூபாய் என்று முடிவு செய்தது. வகுத்துப் பாருங்கள், ஆளுக்குச் சராசரி 10,000 ரூபாய்கூட வரவில்லை. தலைமுறை தலைமுறையாகச் சோறு போட்ட கிணற்றுக்கு அதுதான் விலை. அதையும் ஒழுங்காகக் கொடுத்து முடிக்கவில்லை. நிலைமை சீராகவில்லை என்று மறுபடியும் உச்ச நீதிமன்றம் வரை போக வேண்டியிருந்தது. 2025 ஜனவரி 30-இல் நீதிபதிகள் பர்திவாலா, மகாதேவன் அமர்வு, பாதிக்கப்பட்ட குடும்பங்களுக்கு 6 வாரத்துக்குள் இழப்பீடு கொடுக்க வேண்டும், மாசுபடுத்தியவர்களிடமிருந்து அதை வசூலிக்க வேண்டும் என்று உத்தரவிட்டது. 1991-இல் மனுவில் கையெழுத்துப் போட்டவரின் பேரன் இன்று வேலைக்குப் போகும் வயதில் இருப்பான். இத்தனை ஆண்டுகளுக்குப் பிறகும் தீர்ப்பு காகிதத்தில் இருக்கிறது, ஆறு அப்படியே கிடக்கிறது. தீர்ப்பைக் கையில் பிடித்துக்கொண்டு ஆற்றங்கரையில் நிற்க ஒரு சங்கம் இல்லாததே அதற்குக் காரணம்.

அடுத்து, டேனரிக்குள்ளே போவோம்.

ரோமம் நீக்கச் சுண்ணாம்போடு சோடியம் சல்ஃபைடு போடுகிறார்கள். அடுத்த கட்டத்தில் தோலை ஆசிடில் ஊறவைக்கிறார்கள். இரண்டு கழிவும் ஒரே தொட்டியில் கலந்தால் ஹைட்ரஜன் சல்ஃபைடு கிளம்பும். அழுகிய முட்டை நாற்றம் என்று நாம் சொல்வது அதைத்தான். அந்த வாயு அதிகமானால் மூக்கு மரத்துவிடும், நாற்றமே தெரியாது. நாற்றம் போய்விட்டது என்று நம்பி இறங்குபவர் ஏணியின் கடைசிப் படியைத் தொடுவதற்குள் விழுந்துவிடுகிறார். அவரைத் தூக்க அடுத்தவர் இறங்குகிறார், அவரும் விழுகிறார். ஒரே தொட்டியில் இரண்டு, மூன்று உயிர் போவது இப்படித்தான். இறங்குகிறவர் யார்? பெரும்பாலும் சேரியிலிருந்து வந்தவர், இல்லையென்றால் ஒடிசாவிலிருந்தோ பீகாரிலிருந்தோ ரயிலேறி வந்தவர். கழிவுத் தொட்டிக்குள் பாதுகாப்பின்றி மனிதரை இறக்குவது 2013 சட்டப்படி குற்றம். "சட்டுனு இறங்கி அடைப்ப எடுத்துட்டு வா" என்று சொல்கிற சூப்பர்வைசருக்கு அந்தச் சட்டத்தைச் சொல்லிக்கொடுக்க யார் இருக்கிறார்கள்?

2015 ஜனவரி 31 விடியற்காலை ராணிப்பேட்டை சிட்கோவில் பொதுச் சுத்திகரிப்பு நிலையத்தின் கசடுத் தொட்டிச் சுவர் இடிந்தது. பக்கத்து டேனரிக்குள் தூங்கிக்கொண்டிருந்த தொழிலாளர்கள் மேல் அந்தக் கசடு வெள்ளமாகப் பாய்ந்தது. 10 பேர் இறந்தார்கள். பெரும்பாலோர் மேற்கு வங்கத்திலிருந்து பிழைக்க வந்தவர்கள். ஆற்றைக் காப்பாற்றக் கட்டியதாகச் சொன்ன இடத்தின் கழிவு, தொழிலாளியைத் தூக்கத்திலேயே மூடியது. தண்ணீர் வேறு, வேலை வேறு என்று இன்னும் சொல்கிறவர்கள் அந்தப் பத்து உயிருக்குப் பதில் சொல்லட்டும். அதே ராணிப்பேட்டையில், என்றோ மூடப்பட்ட குரோமேட் ஆலையின் கழிவு லட்சம் டன்னுக்கு மேல் மலையாகக் குவிந்து கிடந்தது. உலகிலேயே மிக மோசமாக மாசுபட்ட பத்து இடங்கள் என்று 2006-இல் வெளிவந்த ஒரு பட்டியலில் நம் ராணிப்பேட்டையும் இருந்தது. அந்த ஆலையில் வேலை பார்த்தவர்களுக்கு வேலையும் போனது, சுற்றியுள்ள ஊர்களுக்குத் தண்ணீரும் போனது. வேலையா தண்ணீரா என்ற கேள்விக்கு முதலாளிகள் கொடுத்த உண்மையான விடை அதுதான்.

ஆலையைத் திருத்தினால் தொழிலாளி நடுத்தெருவில் நிற்பான் என்பதும் பொய். 1996 டிசம்பர் 19-இல் கல்கத்தா டேனரிகளை ஊருக்கு வெளியே மாற்ற உத்தரவிட்ட தீர்ப்பில், தொழிலாளிக்கு வேலைத் தொடர்ச்சி உண்டு, மாறும் காலத்துக்குச் சம்பளம் உண்டு, அதற்கு மேல் இடமாற்றப் போனஸும் உண்டு என்று அதே உச்ச நீதிமன்றம் எழுதியது. ஆற்றையும் கூலியையும் ஒரே தீர்ப்பில் எழுத முடியும் என்பதற்கு இதைவிட என்ன அத்தாட்சி வேண்டும்? ஒரே மனுவில் கேட்கும் ஆள்தான் வேண்டும்.

தோழர்களே, எந்த உரிமையும் யாரும் இரக்கப்பட்டுக் கொடுத்ததல்ல. பழைய கதையை நான் பெருமை பேசச் சொல்லவில்லை. எப்படி வென்றார்கள், எங்கே உடைந்தார்கள் என்று பார்த்துக்கொள்ளத்தான் சொல்கிறேன்.

வேலூர்க் கோட்டையில் 1806 ஜூலை 10 விடியும் முன் சிப்பாய்கள் எழுந்தார்கள். அவர்கள் ஏற்க மறுத்தவற்றில் ஒன்று, தோல் செருகிய புதிய தலைப்பாகை. நூறாண்டு கழித்து 1908-இல் தூத்துக்குடி கோரல் மில் தொழிலாளர்கள் வ.உ.சி., சுப்பிரமணிய சிவா துணையோடு வேலைநிறுத்தம் செய்து கூலி உயர்வு பெற்றார்கள். 1918 ஏப்ரல் 27-இல் பெரம்பூரில் சென்னைத் தொழிலாளர் சங்கம் பிறந்தது. செல்வபதி செட்டியாரும் ராமானுஜலு நாயுடுவும் போய் அழைக்க, பி.பி. வாடியா தலைமை ஏற்றார். அந்தச் சங்கத்தில் திரண்ட பின்னி ஆலைத் தொழிலாளர்களின் முதல் குறைகளில் ஒன்று என்ன தெரியுமா? சாப்பாட்டு இடைவேளை போதவில்லை என்பது. கைகழுவி, சோற்றுப் பாத்திரத்தைத் திறந்து, நாலு வாய் அள்ளிப் போடுவதற்குள் சங்கு ஊதிவிடும். இந்தியாவில் முறையாக அமைந்த முதல் தொழிற்சங்கம் அந்த நாலு வாய் சோற்றிலிருந்து கிளம்பியது. இன்று ஷூ கம்பெனி லைனில் பாத்ரூம் போகவும் டோக்கன் கேட்டு நிற்கும் தங்கச்சிமார்களே, உங்கள் குறை அற்பமானது என்று யார் சொன்னாலும் நம்பாதீர்கள்.

அந்தப் பின்னி முதலாளிகள் நீதிமன்றம் போய்ச் சங்கத் தலைவர்கள் மேல் நஷ்டஈடு கேட்டார்கள், தடை உத்தரவும் வாங்கினார்கள். சங்கம் வைப்பதே குற்றம் என்ற நிலை. அதை எதிர்த்த போராட்டங்களின் பலன்தான் 1926 தொழிற்சங்கச் சட்டம். ஆனால் இடையில் 1921 பின்னி ஆலை வேலைநிறுத்தம் வந்தது. அதை நாம் கூசாமல் பேச வேண்டும். அந்த வேலைநிறுத்தத்தில் ஆதிதிராவிடத் தொழிலாளர்கள் ஒரு பக்கம், சாதி இந்துக்களும் முஸ்லிம்களும் மறுபக்கம் என்று ஆலை பிளந்தது. புளியந்தோப்பில் குடிசைகள் எரிந்தன. வேலைநிறுத்தம் தோற்றது. சேரிக்காரனைச் சங்கத்தில் சமமாக உட்கார வைக்காமல், வேலைநிறுத்தத்துக்கு மட்டும் கூப்பிட்டால் அவன் எதற்கு வர வேண்டும்? முதலாளி விரித்த வலையில் ஆதிதிராவிடத் தொழிலாளி விழுந்தான் என்று மட்டும் எழுதும் வரலாறு பாதி வரலாறு. வலையின் மறுமுனையைப் பிடித்திருந்தது சங்கத்துக்குள் இருந்த சாதி.

இந்தப் பாடம் நம் தோல் தொழில் வட்டாரத்துக்கு மற்ற எந்த ஊரையும்விட அதிகம் வேண்டும். ஈர வேலை, சுண்ணாம்பு வேலை, தொட்டி வேலை ஒரு சாதிக்கு, ஃபினிஷிங்கும் கணக்கும் வேறு ஆட்களுக்கு என்று டேனரிக்குள் சாதி வேலையைப் பிரித்துக்கொடுக்கிறது. தோலைத் தொடுகிறவன் என்று வெளியே ஊர் ஒதுக்குகிறது. கோடிக்கணக்கில் அந்நியச் செலாவணி ஈட்டும் கையை அதே ஊர் தொட மறுக்கிறது. முஸ்லிம் முதலாளி என்று சொல்லி முஸ்லிம் தொழிலாளியை நம்மிடமிருந்து பிரிக்கவும் ஆள் இருக்கிறது. 2015 ஜூன் 27 இரவு ஆம்பூரில் மூண்ட கலவரத்தை நாம் மறக்கவில்லை. ஷட்டர்கள் இறங்கி, ஷிஃப்டுகள் நின்று, தினக்கூலிக்காரன் வீட்டில் உலை ஏறாத நாட்கள் அவை. அந்தப் பசி எந்த மதத்துக்காரனையும் விட்டுவைக்கவில்லை.

1923 மே 1-இல் சிங்காரவேலர் சென்னைக் கடற்கரையில் மே நாள் கொடியை ஏற்றினார். மீனவக் குப்பத்தில் பிறந்தவர் அவர், கடல் யாருக்கும் தனிச்சொத்தல்ல என்பதைப் புத்தகம் படித்துத் தெரிந்துகொள்ள வேண்டியிருக்கவில்லை. 1938 நவம்பர் 7-இல், வேலைநிறுத்த உரிமையைப் பறிக்க வந்த மசோதாவை எதிர்த்து அம்பேத்கரின் சுதந்திரத் தொழிலாளர் கட்சியும் கம்யூனிஸ்டுகளும் ஒரே நாளில் பம்பாயை நிறுத்தினார்கள். நீலமும் சிவப்பும் சேர்ந்தால் ஒரு மாநகரம் நிற்கும் என்று அன்றே காட்டியிருக்கிறார்கள். ஆம்பூரில் மட்டும் ஏன் தனித்தனியாக மேடை போடுகிறோம்?

நம் தொழிலிலேயே நம் அண்ணன்மார் திண்டுக்கல்காரர்கள். அங்கே தோல் ஷாப்புகளில் முன்பணம் வாங்கிவிட்டுச் சுண்ணாம்புக் குழியில் அடிமைகளாகக் கிடந்தவர்களை 1940களில் ஏ. பாலசுப்பிரமணியம் போன்ற கம்யூனிஸ்டுகள் சங்கமாகத் திரட்டினார்கள். அந்தப் போராட்டத்தைத்தான் டி. செல்வராஜ் 'தோல்' நாவலாக எழுதினார். 2012-இல் அதற்குச் சாகித்திய அகாதமி விருது கிடைத்தது.  

1946-இல் அம்பேத்கர் வைஸ்ராய் நிர்வாகக் குழுவில் தொழிலாளர் உறுப்பினராக இருந்தபோது குறைந்தபட்சக் கூலி மசோதா வந்தது. 1948-இல் அது சட்டமானது. எந்தெந்தத் தொழிலுக்குச் சட்டம் பொருந்தும் என்று அதன் முதல் அட்டவணையிலேயே எழுதினார்கள். அந்தச் சிறிய பட்டியலில் தோல் பதனிடும் தொழில் இருக்கிறது! இந்த நாட்டில் யாருக்கு முதலில் கூலிப் பாதுகாப்பு வேண்டும் என்று பார்த்தபோது டேனரித் தொழிலாளி கண்ணுக்குத் தெரிந்தான். அது மட்டுமா, வீட்டுக்குப் பொருளை எடுத்துப்போய்ச் செய்து தருகிறவரும் தொழிலாளியே என்று அதே சட்டத்தின் விளக்கப் பிரிவு சொன்னது. எழுபது ஆண்டுக்கு மேல் அந்த வரி சட்டப் புத்தகத்தில் இருந்தது. அப்பர் தைக்கும் நம் அக்காக்களில் எத்தனை பேருக்கு அதை யாராவது படித்துக் காட்டினார்கள்?

அந்த அக்காக்களைப் பற்றிக் கொஞ்சம் நின்று பேச வேண்டும். ஆம்பூர், பேரணாம்பட்டு சுற்றுவட்டாரத்தில் மதிய வெயில் தாழ்ந்தபின் எந்தத் தெருவிலும் நுழைந்து பாருங்கள். திண்ணையில் காலை மடக்கி உட்கார்ந்து, விரலில் ரப்பர் சுற்றிக்கொண்டு, தடித்த தோலில் ஊசியைக் குத்தி இழுப்பார்கள். ஏஜெண்ட் மூட்டையை இறக்கிவிட்டுப் போவான், அடுத்த நாள் எடுப்பான். ஒரு ஜோடிக்குச் சில ரூபாய்தான் கூலி. தையல் கோணினால் அதுவும் பிடித்தம். பி.எஃப். இல்லை, இ.எஸ்.ஐ. இல்லை, எந்தக் கம்பெனிக்குத் தைக்கிறோம் என்பதும் தெரியாது. நாற்பது வயதில் கண் மங்குகிறது, தோள்பட்டை இறங்குகிறது. ஐரோப்பாவில் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்து விற்கும் ஷூவின் கைத்தையல் அழகு இவர்கள் கண்ணிலிருந்து போனது. வீட்டிலிருந்தே பொருள் செய்து தரும் தொழிலாளருக்கான சர்வதேச உடன்படிக்கை 1996-இலேயே வந்துவிட்டது. இந்தியா இன்னும் அதை ஏற்கவில்லை. நம் சங்கங்களும் கம்பெனி கேட்டோடு நின்றுவிட்டன, திண்ணைக்குப் போகவில்லை.

பெண்கள் திரள மாட்டார்கள் என்று யாராவது சொன்னால் பெங்களூருவைக் காட்டுங்கள். பி.எஃப். பணத்தை எடுக்க ஒன்றிய அரசு புதுக் கட்டுப்பாடு கொண்டுவந்தபோது, 2016 ஏப்ரலில் பெரிய தலைவர் யாரும் கூப்பிடாமல், கார்மெண்ட் பெண்கள் ஆயிரக்கணக்கில் சாலைக்கு வந்தார்கள். இரண்டே நாளில் அரசு அந்த விதியைத் திரும்பப் பெற்றது. அவர்களில் எத்தனையோ பேர் நம்மைப் போல் கிராமத்திலிருந்து வேனில் வருகிறவர்கள். திண்டுக்கல்லில் ஓர் இளம் தொழிலாளி கொல்லப்பட்ட பிறகு, தலித் பெண்கள் முன்னின்று நடத்தும் தமிழ்நாடு நூற்பாலை மற்றும் பொதுத் தொழிலாளர் சங்கம் விடாமல் போராடியது. 2022 ஏப்ரலில் ஆலை முதலாளியையும் வெளிநாட்டு பிராண்டையும் சட்டப்படி கட்டுப்படுத்தும் ஒப்பந்தத்தை வாங்கியது. லைனில் கை வைக்கிற, வாய்க்கு வந்தபடி ஏசுகிற சூப்பர்வைசர் மேல் புகார் சொன்னால் வேலை போகாது என்ற நிலையை அங்கே உண்டாக்கினார்கள். ஆம்பூர் ஷூ லைனுக்கு அப்படி ஓர் ஒப்பந்தம் ஏன் கூடாது?

இப்போது ஏன் அவசரம் என்பதற்கு வருகிறேன்.

2025 நவம்பர் 21-இலிருந்து நான்கு தொழிலாளர் சட்டத் தொகுப்புகள் நடைமுறைக்கு வந்துவிட்டன. 29 பழைய சட்டங்களை அதற்குள் சுருட்டிவிட்டார்கள். முன்பு 100 பேர் வேலை செய்யும் ஆலையை மூடவோ ஆட்குறைப்புச் செய்யவோ அரசின் அனுமதி வேண்டும். இப்போது 300 பேரோ அதற்கு மேலோ இருந்தால்தான். நம் வட்டாரத்தில் 300 பேருக்குக் குறைந்த டேனரியும் ஜாப் ஒர்க் யூனிட்டும் எத்தனை என்று எண்ணிப் பாருங்கள். ஒரே முதலாளி நாலு பெயர்ப்பலகை மாட்டினால் முடிந்தது. வேலைநிறுத்தத்துக்கு எந்த ஆலையிலும் 14 நாள் முன்னறிவிப்பு வேண்டும். சமரசப் பேச்சுவார்த்தை தொடங்கிவிட்டால் அது முடியும்வரை வேலையை நிறுத்த முடியாது. பாதிப் பேர் ஒரே நாளில் லீவு போட்டாலும் அதுவும் வேலைநிறுத்தம். அதே தொகுப்புகளில் நமக்குப் பிடிகொடுக்கும் இடமும் உண்டு. எல்லோருக்கும் நியமனக் கடிதம் கொடுக்க வேண்டும் என்கிறது சட்டம். குறித்த கால ஒப்பந்தத்தில் வேலை செய்கிறவருக்கு ஓராண்டிலேயே கிராஜுவிட்டி உண்டு என்கிறது. அதைக் கேட்டு வாங்குவோம், மற்றதை எதிர்ப்போம்.

2025 ஆகஸ்ட் 27-இலிருந்து அமெரிக்கா இந்தியப் பொருள்கள் மேல் 50 விழுக்காடு வரி போட்டபோது, முதல் அடி யாருக்கு விழுந்தது? கண்டெயினர் நின்றதும் கம்பெனி செய்யும் முதல் வேலை, காண்ட்ராக்ட் ஆட்களை "சொல்லி அனுப்புறோம்" என்று வீட்டுக்கு அனுப்புவதுதான். ஆர்டர் கொழித்த ஆண்டுகளில் லாபத்தில் பங்கு கொடுக்காதவர்கள், நஷ்டத்தை மட்டும் பங்கு போட வருகிறார்கள். இதற்கிடையில் பனப்பாக்கத்தில் 1,500 கோடி ரூபாயில் 25,000 பேருக்கு வேலை என்று ஹாங் ஃபூ நிறுவனத்தின் ஷூ ஆலைக்கு 2024 டிசம்பரில் அடிக்கல் நாட்டப்பட்டது. வேலை வரட்டும், வரவேற்போம். ஆனால் சங்கம் இல்லாமல் அந்த வாசலுக்குள் நம் பிள்ளைகள் போகக் கூடாது. முதல் ஷிஃப்ட் தொடங்கும் நாளில் எழுதப்படும் கூலிதான் பல ஆண்டுகளுக்கு அளவுகோலாக நிற்கும்.

வெல்ல முடியுமா என்று சந்தேகப்படும் தோழர்களே, தூரம் போக வேண்டாம். 2023 ஏப்ரல் 21-இல் 12 மணி நேர வேலைக்கு வழிசெய்யும் மசோதா சட்டப்பேரவையில் நிறைவேறியது. சங்கங்களும் கூட்டணிக் கட்சிகளும் சேர்ந்து எதிர்த்தன. மே 1 அன்று அதைத் திரும்பப் பெறுவதாக முதலமைச்சரே அறிவித்தார். பத்தே நாள்! சுங்குவார்சத்திரத்தில் சாம்சங் தொழிலாளர்கள் 2024 செப்டம்பர் 9-இலிருந்து ஒரு மாதத்துக்கு மேல் பந்தல் போட்டு உட்கார்ந்தார்கள். பந்தலைப் பிரித்துப் போட்டார்கள், கைது செய்தார்கள். அவர்கள் எழவில்லை. 2025 ஜனவரியில் அவர்கள் சங்கம் பதிவானது. பெரம்பூரில் 1918-இல் கேட்ட அதே உரிமை, நம் ஊரிலிருந்து இரண்டு மணி நேரப் பயணத்தில், இன்றும் போராடித்தான் கிடைத்தது.

2019-இல் வேலூர் மாவட்டத்தை மூன்றாகப் பிரித்தார்கள். ஆம்பூரும் வாணியம்பாடியும் திருப்பத்தூருக்குப் போயின, ராணிப்பேட்டை தனியானது. அரசுக்கு மூன்று கலெக்டர் ஆபீஸ் இருக்கட்டும். பாலாறு ஒன்று, தோலும் ஒன்று. சங்கமும் மூன்று மாவட்டத்துக்கும் ஒன்றாகத்தான் இருக்க வேண்டும்.

அதற்கு நாளைக் காலையே தொடங்க வேண்டிய வேலை இருக்கிறது. சம்பளச் சீட்டு கொடுக்கும் கம்பெனியில் வேலை செய்கிறவர்கள் இந்த மாதச் சீட்டைப் போனில் படம் பிடித்து வையுங்கள். சீட்டே கொடுக்காத இடமென்றால் அதையும் தேதி போட்டு எழுதி வையுங்கள். நியமனக் கடிதம் கேட்டு ஒருவர் தனியாகப் போகாதீர்கள், லைனே சேர்ந்து கையெழுத்துப் போட்டுக் கேளுங்கள். அப்பர் தைக்கும் ஒவ்வொரு வீட்டிலும் பள்ளிப் பிள்ளையின் பழைய நோட்டு ஒன்று போதும். தேதி, எத்தனை ஜோடி, என்ன ரேட், மூட்டை கொண்டுவந்தது யார், அப்பரில் என்ன நம்பர் அடித்திருந்தது என்று எழுதுங்கள். அந்த நம்பர்தான் நாளை பிராண்டின் கதவைத் தட்டும் சாட்சி. கிணறு கெட்ட விவசாயத் தோழர்களே, இழப்பீட்டுப் பட்டியலில் உங்கள் பெயர் உண்டா, பணம் வந்ததா என்பதைச் சர்வே எண்ணோடு எழுதிக் கொண்டுவாருங்கள். பட்டா இல்லாமல் குத்தகைக்கு உழுதவர்களும் கூலிக்கு இறங்கியவர்களும் வாருங்கள். தண்ணீர் கெட்டதில் உங்களுக்கும் இழப்புண்டு, பட்டியலில்தான் உங்களுக்கு இடமில்லை.

வடநாட்டுத் தொழிலாளர் தங்கும் ஷெட்டுகளுக்கு இந்தியிலும் வங்க மொழியிலும் ஒடியாவிலும் நோட்டீஸ் போகட்டும். அவர்களால் நம் கூலி குறைகிறது என்று பேசுகிறவரிடம், இந்த மண்ணிலிருந்து கோலார் தங்கச் சுரங்கத்துக்குப் போன நம் தாத்தாக்களை ஞாபகப்படுத்துங்கள். வடார்க்காட்டுச் சேரிகளிலிருந்து போய்ப் பாறைக்கு அடியில் இறங்கியவர்கள், அந்நிய மண்ணில் வேலைநிறுத்தம் செய்து தலைநிமிர்ந்தவர்கள் அவர்கள்.

கிளைக் கமிட்டி எதுவானாலும் பாதி இடம் பெண்களுக்கு. கூட்டம் ஞாயிறு மாலையில், வேன் ஓடாத நேரத்தில், பெண்கள் பிள்ளைகளோடு வந்து உட்காரக்கூடிய இடத்தில் நடக்கட்டும். சேரியில் ஒரு வாரம், முஸ்லிம் தெருவில் ஒரு வாரம், ஊருக்குள் ஒரு வாரம். அங்கே போடும் டீயை எல்லோரும் குடிக்கட்டும். குடிக்க மறுக்கிறவருக்குக் கமிட்டியில் இடம் வேண்டாம்.

தொட்டிக்குள் இறங்கச் சொன்னால் இறங்காதீர்கள். காற்றைச் சோதிக்கும் கருவியும் முகமூடியும் கயிறும் கண்ணால் பார்க்கும்வரை யாரும் இறங்கக் கூடாது. மிரட்டினால் ஷிஃப்டே வேலையை நிறுத்திவிட்டு வாசலில் உட்காருங்கள். உடனே ஆற்றங்கரை ஊர்களுக்குப் போன் அடியுங்கள், விவசாயத் தோழர்கள் டிராக்டரில் வந்து சேர்வார்கள். அதேபோல், இரவில் கழிவுநீரை ஆற்றில் திறந்துவிடுவதைப் பார்த்தால் விவசாயி தனியாகப் போய்ச் சண்டை போட வேண்டாம். அந்த டேனரிக்குள் இருக்கும் நம் ஆளைக் கேளுங்கள், எந்த வால்வு, எத்தனை மணி, யார் உத்தரவு என்று அவர் சொல்வார். அவர் பெயர் வெளியே வராமல் காப்பது சங்கத்தின் பொறுப்பு.

வரும் மே நாளுக்குள் வாணியம்பாடி, ஆம்பூர், பேரணாம்பட்டு, குடியாத்தம், மேல்விஷாரம், வாலாஜா, ராணிப்பேட்டை என்று ஒவ்வோர் ஊரிலும் கேட் மீட்டிங் ஒன்றும் ஆற்றங்கரைக் கூட்டம் ஒன்றும் நடந்திருக்க வேண்டும். நியமனக் கடிதம், திண்ணைத் தையலுக்குக் குறைந்தபட்சக் கூலி, தொட்டிச் சாவுகளுக்குக் குற்ற வழக்கு, இழப்பீட்டுப் பாக்கி, பாலாற்றைச் சீரமைக்கும் வேலையில் உள்ளூர்த் தொழிலாளருக்கு முதலிடம் ஆகிய எல்லாவற்றையும் ஒரே மனுவில் எழுதி மூன்று கலெக்டர்களிடமும் ஒரே நாளில் கொடுப்போம். நோட்டுகளோடும் சீட்டுகளோடும் வாருங்கள், தோழர்களே. பக்கத்து வீட்டுக்காரரையும் பக்கத்து மெஷின்காரரையும் கூட்டிக்கொண்டு வாருங்கள்.